செத்த பிறகு ஒரு சிரிப்பு

போன மாதம் விருதுநகரில் ஒரு பழைய வீட்டில் டிவி சீரியல் எடுப்பதற்காக மெட்ராஸிலிருந்து ஒரு குழு வந்தது. கதையில் ஒரு தாத்தா செத்துப்போக வேண்டும். ஊருக்குள் விசாரித்திருக்கிறார்கள். "அந்தக் காலத்து சினிமாவுல செத்துச் செத்தே பிழைச்ச ஆளு நம்ம ஊர்லயே இருக்காரே" என்று யாரோ என் வீட்டைக் காட்டிவிட்டார்கள். முடியாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "சும்மா படுத்தாப் போதும் சார்" என்றான் வந்த தம்பி. வெயிலில் வியர்த்து நின்றான். பாவமாக இருந்தது. போய்ப் படுத்தேன்.

நன்றாகவே செத்தேன். அதில் ஒரு குறையும் இல்லை. ஷாட் முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து, கேமராவை நேராகப் பார்த்து, கையெடுத்துக் கும்பிட்டுச் சிரித்தேன். பிணமாக நடித்தவன் அப்படிச் செய்தாக வேண்டும். செய்யாமல் வீட்டுக்குப் போனால் நடித்தது உடம்போடு ஒட்டிக்கொண்டு வந்துவிடும் என்பது எங்கள் தொழிலில் உள்ள நம்பிக்கை. இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு அது தெரியுமோ தெரியாதோ என்று படுத்திருந்த நேரமெல்லாம் எனக்கு அதே கவலை. ஆனால் அந்தத் தம்பி நான் சொல்லாமலே கேமராவை ஓடவிட்டிருந்தான். "சிரிக்க வைக்காம யாரையும் அனுப்ப மாட்டோம் சார்" என்றான்.

நிம்மதியாகக் கிளம்பி வாசல் வரை போனவன், போகாமல் திரும்பி வந்து கேட்டேன். "தம்பி, அந்தச் சிரிப்பை அப்புறம் என்ன செய்வீங்க?"

"டேப்புதானே சார். நாளைக்கு அதுமேலயே வேற சீன் எடுப்போம். அழிஞ்சிரும்."

அன்றைக்குப் பிடித்தது எனக்கு இந்தக் கவலை. பிலிமில் எடுத்த சிரிப்பை வெட்டி எறிந்தால்கூட அது ஏதோ ஒரு குப்பைக்கூடையில் சிரிப்பாகவே கிடக்கும். அழித்துவிட்ட சிரிப்பு கணக்கில் சேருமா, சேராதா? நான் செத்தது மட்டும் வீடு வீடாகப் போய், சிரித்தது இல்லாமலே போய்விட்டால் நான் எந்தப் பக்கத்து ஆள்? இதையே சொல்லிச் சொல்லிப் புலம்பிக்கொண்டிருந்ததைப் பார்த்து என் வீட்டுக்காரி குருவம்மாள், "எங்கிட்டப் புலம்புறதைப் பேப்பர்ல புலம்புங்க, எனக்கு அடுப்பு வேலை கிடக்கு" என்று சொல்லிவிட்டாள். அந்த சீரியல் தம்பியும், உங்கள் அனுபவத்தை எழுதுங்கள் என்று கேட்டிருந்தான். அதனால் எழுதுகிறேன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும். நான் படித்தது அஞ்சாவது. அதுவும் முழுசாக இல்லை.

பள்ளிக்கூடத்தை விட்டதற்குக் காரணம் பயம்தான். வாத்தியார் கேள்வி கேட்டால் எனக்கு உடம்பு விறைத்துப்போகும். பக்கத்துப் பையனைக் கேட்டாலும் விறைக்கும். எங்கள் அப்பா விருதுநகரில் ஒரு வத்தல் கமிஷன் கடையில் மூட்டை தைத்துக்கொண்டிருந்தார். படிப்பு வராதவனை அவரோடு சேர்த்துவிட்டார்கள். மிளகாய் வத்தல் குடோனில் நான் கற்றுக்கொண்டது ஒன்றே ஒன்று. எவ்வளவு காரம் மூக்கில் ஏறினாலும் தும்மாமல் அடக்குவது. பின்னால் சோறு போட்டது அதுதான். அதன் பிறகு ஒரு நாடகக் கம்பெனி ஊருக்கு வந்தது, அதில் சேர்ந்தேன், தொண்டை உடைந்தது, பாட முடியாதவனைக் கழற்றிவிட்டார்கள், மெட்ராஸுக்கு ரயில் ஏறினேன். இந்தச் சில வருஷங்களில் பசியைத் தவிரச் சொல்வதற்கு ஒன்றும் இல்லை.

ஸ்டூடியோவில் முதலில் ஈட்டி பிடித்து நிற்கும் காவல்காரனாக இருந்தேன். ஒரு ராஜா கதையில் யுத்தக் காட்சி. நாங்கள் பத்துப் பன்னிரண்டு பேர் செத்துக் கிடக்க வேண்டும், பின்னணியில் ஒரு யானை போக வேண்டும். யானைக்கு என்ன தோன்றியதோ, பின்னணியை விட்டுவிட்டு நேராக எங்கள் பக்கம் வந்தது. அவ்வளவுதான். பிணங்கள் எல்லாம் எழுந்து ஓடிவிட்டன. ராஜா ஓடிவிட்டார். நான் மட்டும் கிடந்தேன். எனக்கும் ஓட ஆசைதான், உடம்பு வரவில்லை. யானை என்னை மோந்து பார்த்துவிட்டுத் தாண்டிப் போனது.

டைரக்டர் நாற்காலியில் ஏறி நின்றபடி, "ஓடாம கிடக்கிறவன் யாருன்னு கேளு. நடிகன்னா அவன்தான்" என்றார். அன்றோடு என் ஈட்டியைப் பிடுங்கிவிட்டார்கள். அதற்குப் பிறகு கத்தியால் செத்தேன், விஷத்தால் செத்தேன், பாம்பு கடித்துச் செத்தேன். மாளிகைத் தூண் மேலே விழுந்து செத்தேன். ஒரு படத்தில் சந்தோஷம் தாங்காமல்கூடச் செத்தேன்.

அந்த டைரக்டரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். சத்தம் போடவே மாட்டார். யாரோடும் நேரில் பேச மாட்டார். நாம் ஒரு முழத் தூரத்தில் நின்றாலும், அவருடைய உதவியாளர் கிட்டு வழியாகத்தான் பேச்சு. "கிட்டு, அவன் தலையைக் கொஞ்சம் திருப்பச் சொல்லு" என்பார். கிட்டு என்னிடம், "தலையைத் திருப்பணுமாம்" என்பான். நான் பதில் சொன்னால் அதையும் கிட்டு திருப்பிச் சொன்ன பிறகுதான் அவருக்குக் காது கேட்கும்.

ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் ஒரு சிட்டிகை மூக்குப்பொடி போடுவார். போட்டால் தும்முவார். ஒற்றைத் தும்மல் ஆகாது, அபசகுனம். இரண்டாவது தும்மல் வரும் வரை கேமரா ஓடாது. சவுண்டு ஆள் காதில் மாட்டியதைக் கழற்றி வைத்துவிட்டுக் காத்திருப்பார், விளக்குப் பிடிப்பவர்கள் மேலேயே உட்கார்ந்திருப்பார்கள், கதாநாயகி முகத்துக்கு விசிறிக்கொள்வார். சில நாள் உடனே வரும். சில நாள் வெற்றிலை போட்டுத் துப்பிவிட்டு வருகிற நேரம் ஆகும். இரண்டும் வந்ததும் கிட்டு, "ரெண்டு ஆச்சு!" என்று கத்துவான். அதுதான் எங்களுக்கு ஆரம்பம்.

பிணமாக நடிப்பதில் படுப்பது வேலையே இல்லை. மூச்சுதான் வேலை. வயிறு நிறையச் சாப்பிட்டால் ஏறி இறங்குவது தெரியும், அதனால் சாவு உள்ள நாளில் மோர் மட்டும்தான். அழுகிற நடிகை மேலே விழும்போது அவர் முதுகு கேமராவை மறைக்கும், அந்த நேரத்தில் ஒரு மூச்சு எடுத்துக்கொள்ளலாம். எனவே எனக்குப் பிடித்த நடிகைகள் எல்லாம் அடிக்கடி விழுந்து அழுகிறவர்கள்தான். தூரத்தில் நின்றபடி கௌரவமாகக் கண்ணீர் விடுகிறவர்கள் கிடைத்தால் எனக்கு நிஜமாகவே உயிர் போய்விடும்.

கால் கட்டைவிரல்களைச் சேர்த்துக் கட்டுவார்கள். நான் அதை இழுத்தால் அவிழும்படி முடிச்சுப் போடச் சொல்லி, நானே ஒரு தரம் இழுத்துப் பார்த்துவிட்டுத்தான் படுப்பேன். நிஜப் பிணத்தைக் கிடத்துகிற மாதிரி தெற்கே தலை வைத்துப் படுக்கவும் பயம். ஸ்டூடியோவுக்குள் திசை தெரியாது. வெளியே போய்ச் சூரியனைப் பார்த்துவிட்டு வந்து, விளக்கு சரிசெய்கிற நேரத்தில் கொஞ்சம் கொஞ்சமாகக் கிழக்கே நகர்ந்துகொள்வேன். "பொணம் நகருது" என்று கேமராமேன் புகார் சொல்லாத படமே இல்லை.

எல்லாம் முடிந்ததும் சிரிப்பு. பிலிம் கிடைக்காமல் எல்லாரும் அல்லாடிய காலம் அது. அப்படியும் அந்தச் சில அடிகளை மட்டும் டைரக்டர் மிச்சம் பிடித்ததில்லை. செத்த ஷாட்டின் வாலிலேயே அது ஓடும். எழுந்து, லென்ஸைப் பார்த்து, கும்பிட்டு, சிரிப்பேன். படத்தை வெட்டி ஒட்டும் அறையில் அதைக் கத்தரித்துக் கூடையில் போடுவார்கள். ஜனங்களுக்குச் செத்தது போகும், எனக்குச் சிரித்தது மிஞ்சும்.

ஊரில் என் பெயர் இதனால் நாசமானது. ரயிலை விட்டு இறங்கினால், "வாங்க, இந்தத் தடவை எதுல போனீக?" என்று கேட்பார்கள். எங்கள் அம்மா என் படத்துக்குப் போவாள், பாதியில் எழுந்து வெளியே வந்து நிற்பாள். பக்கத்து வீட்டுப் பெண்கள் வாசலுக்கு வந்து, "இன்னும் சாகலைக்கா, தைரியமா வந்து உக்காருங்க" என்று கூட்டிப்போவார்கள். இதோ வருகிறது என்று தெரிந்தால் அவர்களே கொண்டுவந்து வெளியே விடுவார்கள்.

இந்த நிலைமையில்தான் என் தாய்மாமன் எனக்குப் பெண் பார்த்தார். ஆமத்தூரில் பேச்சிமுத்து என்பவருடைய மகள். பேச்சிமுத்து தீப்பெட்டி ஆபீஸில் குச்சிக்கு மருந்து முக்குகிறவர். மகள் குருவம்மாளும் அங்கேதான் லேபிள் ஒட்டிக்கொண்டிருந்தாள். நானும் மாமாவும் போனோம். பேச்சிமுத்து என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"தம்பி குடிப்பீகளா?"

"இல்லீங்க."

"சீட்டாட்டம்?"

"இல்லீங்க."

"சாவீகளாமே?"

கதவுக்குப் பின்னால் 'களுக்' என்று ஒரு சத்தம். பசை காய்ந்த விரல்களால் வாயைப் பொத்திக்கொண்டு குருவம்மாள் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள். கண் மட்டும் தெரிந்தது. நான் அவளை முதன்முதலாகப் பார்த்தது அப்படித்தான். அந்தக் கண்ணைப் பார்த்த உடனே, இவள் கிடைக்காமல் போய்விடுவாளோ என்ற கவலை எனக்குத் தொடங்கிவிட்டது.

"அது நடிப்புய்யா" என்றார் மாமா.

"நடிப்பாவே இருக்கட்டும். நான் மருந்து முக்குறவன். காலைல நான் போனா, சாயங்காலம் நான் வர்ற வரைக்கும் என் வீட்டுக்காரி பாதையத்தான் பாத்துக்கிட்டு இருப்பா. எங்க பக்கம் சாவு கூப்பிடாமலே வர்ற எடம். இவுக சம்பளத்துக்குக் கூப்பிடுறாக. என் மக கழுத்துல இவுக தாலி கட்டி, பெறகு படத்துல செத்தாகன்னு வைங்க. கொட்டகைல இருக்கிற பொம்பளைக அம்புட்டுப் பேரும் இவ கழுத்தைத்தானே திரும்பிப் பாப்பாளுக?"

எனக்கு உடம்பு விறைத்துவிட்டது. பேச்சிமுத்துவுக்கே என்னைப் பார்க்க ஒரு மாதிரி இருந்திருக்க வேண்டும். குரலைத் தாழ்த்திச் சொன்னார். "ஒரே ஒரு படத்துல கடைசி வரைக்கும் உசுரோட இருந்து காட்டச் சொல்லுங்க. குடும்பத்தோட வந்து பாக்குறோம். பாத்துட்டுப் பேசுவோம்."

மெட்ராஸுக்குத் திரும்பியதும் கிட்டுவிடம் விஷயத்தைச் சொன்னேன். டைரக்டர் பக்கத்திலேயேதான் இருந்தார்.

"கிட்டு, இவனுக்கு என்ன வேணுமாம்?"

"ஒரு படத்துல உயிரோட இருக்கணுமாம் சார்."

"எதுக்காம்?"

"கல்யாணத்துக்காம்."

"எது வரைக்கும் உயிரோட இருக்கணுமாம்?"

"கடைசி வரைக்குமாம்."

"கதாநாயகனே கஷ்டப்பட்டுத்தான் கடைசி வரைக்கும் இருக்கான்" என்றார். ஆனாலும் கொடுத்தார். கதாநாயகனின் நண்பன் வேஷம். கடைசியில் கதாநாயகன் கல்யாணத்தில் நான் அட்சதை போட வேண்டும். அத்தோடு சுபம்.

உயிரோடு நடிப்பது எவ்வளவு கஷ்டம் என்று அப்போதுதான் தெரிந்தது. கையை எங்கே வைப்பது என்றே தெரியவில்லை. செத்தவனுக்கு அந்தத் தொல்லை இல்லை. எப்படியோ நடித்து முடித்து, அட்சதையும் போட்டு, ஊருக்கு ஆள் மூலம் சொல்லியனுப்பினேன். படம் வருகிறது, நான் சாகவில்லை, எல்லாரும் வந்து பார்க்கலாம் என்று.

அதற்குப் பிறகுதான் தெற்கு மாவட்டங்களுக்குப் படத்தை வாங்க வினியோகஸ்தர் ஒருவர் வந்து போட்டுப் பார்த்தார். பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தார். "எல்லாம் நல்லாத்தான் இருக்கு. ஆனா ஒருத்தரும் சாகலையே? எங்க ஊருப் பொம்பளைக முந்தானை நனையாம வீட்டுக்குப் போனா, படம் பாத்த கணக்குலயே வராதே."

யாரைச் சாகடிப்பது என்று யோசித்தார்கள். கதாநாயகனும் கதாநாயகியும் ஆகாது, கல்யாணம் நடக்க வேண்டும். வில்லனைப் போலீஸ் பிடிக்க வேண்டும். கதாநாயகனின் தாயாருக்கு ஏற்கெனவே கண் தெரியாது, அதற்குமேல் அந்த அம்மாவுக்குக் கஷ்டம் கொடுக்க யாருக்கும் மனசு வரவில்லை. ஓர் ஓரமாக நின்று காப்பி ஆற்றிக்கொண்டிருந்தேன். எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

கதாநாயகன் மேல் வீசிய கத்தியை நான் குறுக்கே விழுந்து வாங்கிக்கொண்டு, அவர் மடியில் சாக வேண்டும். கடைசிக் கல்யாணக் காட்சியில் நான் வருகிற இடத்தை வெட்டிவிடுவார்கள். அட்சதை விழுவதை மட்டும் வெட்ட முடியாது, அது மணமக்கள் தலையிலேயே விழுகிறது. அதனால் போடுகிற ஆள் இல்லாமல் அட்சதை மட்டும் விழும். "யார் பாக்கப் போறா" என்றான் கிட்டு.

நான் காலில் விழாத குறை. "கிட்டு, அவன்கிட்டச் சொல்லு, எனக்கும் வேற வழி இல்லை" என்றார் டைரக்டர். என்னைப் பார்க்காமல்தான் சொன்னார்.

அன்றைக்கு நான் கதாநாயகனின் மடியில் தலை வைத்துப் படுத்தேன். வயிற்றில் அட்டைக் கத்தி. டைரக்டர் பொடி போட்டார். ஒரு தும்மல் வந்தது. இரண்டாவது வரவில்லை. காத்திருந்தோம். மறுபடி பொடி போட்டார். வரவில்லை. கதாநாயகனுக்குக் கால் மரத்துப்போய், என் தலையை எடுத்துத் தலையணையில் வைத்துவிட்டு எழுந்து போனார். மதியச் சாப்பாட்டு நேரமும் கடந்தது. எனக்குள் நம்பிக்கை துளிர்த்தது. எங்கள் ஊர் மாரியம்மனை வேண்டினேன். தாயே, அந்த ஆளுக்கு இன்னொரு தும்மல் கொடுத்துவிடாதே. இன்றைக்கு மட்டும் அந்த மூக்கை அடைத்துவை. பங்குனிப் பொங்கலுக்கு அக்கினிச்சட்டி எடுக்கிறேன்.

டைரக்டர் கோபத்தில் பொடி டப்பாவை மேஜையில் ஓங்கி வைத்தார். மூடி தெறித்தது. பொடி பறந்தது. மின்விசிறி அதை அப்படியே என் பக்கம் கொண்டுவந்தது.

வத்தல் குடோனில் வளர்ந்தவன் நான். என் சினிமா வாழ்க்கையில் ஒரு தரம்கூடப் படப்பிடிப்பில் தும்மியதில்லை. அன்றைக்குத் தும்மினேன். ஸ்டூடியோக் கூரையில் உட்கார்ந்திருந்த புறாக்கள் எழுந்து பறந்தன.

"ரெண்டு ஆச்சு!" என்று கத்தினான் கிட்டு.

"அது நானய்யா!" என்றேன் செத்தபடியே.

"தும்மல் தும்மல்தான். யார் மூக்கா இருந்தா என்ன? ஸ்டார்ட்!"

இப்படி என் சாவுக்கு நானே உத்தரவு கொடுத்தேன். ஷாட் ஓடியது. செத்துக் கிடக்கும்போது ஆமத்தூர்க் கதவும் அந்தக் கண்ணும் ஞாபகம் வந்தன. மூடிய என் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது. "பொணம் அழுவுது" என்றார் கேமராமேன். துடைத்துவிட்டு மறுபடி எடுத்தார்கள். மறுபடி வழிந்தது. கடைசியில் கதாநாயகன் தன் கண்ணீரை என் முகத்தில் நிறையச் சொட்டவிட்டார். யாருடைய தண்ணீர் என்று தெரியாதபடி சமாளித்தோம்.

அதன் பிறகு சிரிக்க வேண்டும். எழுந்தேன், கும்பிட்டேன். சிரிப்பு வரவில்லை. கேமரா ஓடிக்கொண்டிருந்தது. "சிரிப்பா, பிலிம் போகுது" என்றார் கேமராமேன். உதட்டை இழுத்தேன். அதைப் பார்த்து மேக்கப்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அப்போது டைரக்டர் நாற்காலியை விட்டு எழுந்து வந்தார். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, கிட்டு இல்லாமல், நேராக என்னிடம் பேசினார். எனக்கு நினைவு தெரிந்து அந்த ஒரு தடவைதான்.

"பொண்ணு பேரு என்னடா?"

"குருவம்மா."

"அவ இங்கே நிக்கிறா. இந்தக் கண்ணாடிக்குப் பின்னால. பாரு."

பார்த்தேன். லென்ஸுக்குப் பின்னால் பசை காய்ந்த விரல்களும் ஒரு கண்ணும் தெரிந்தன. சிரித்துவிட்டேன். பிலிம் தீருகிற வரை சிரித்தேன்.

படம் விருதுநகருக்கு வந்தது. நான் செத்துவிட்ட செய்தியை ஆமத்தூருக்குச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நல்ல செய்தியை ஆள் மூலம் சொல்லியாகிவிட்டது, இதை எந்த ஆள் மூலம் சொல்வது? மேட்னிக்குப் பேச்சிமுத்து குடும்பத்தோடு மாட்டுவண்டியில் வந்து இறங்கினார். புது வேட்டி. குருவம்மாளும் அவள் அம்மாவும் பெண்கள் பக்கம் போனார்கள். நான் பேச்சிமுத்துவின் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

இடைவேளையில் மாமாவை விட்டுச் சொல்லிப் பார்த்தேன். "காப்பி சாப்பிட்டுட்டு அப்படியே கெளம்பிருவமா? மழை வர்ற மாதிரி இருக்கு" என்றார் மாமா.

"எங்கன மழை? வெயில் கொளுத்துது. உக்காருங்க, தம்பி நல்லாத்தான் இருக்காரு" என்றார் பேச்சிமுத்து. என் தொடையில் தட்டிக் கொடுத்தார். அந்தத் தட்டு இன்றைக்கும் உறைக்கிறது.

கத்தி வந்தது. நான் குறுக்கே விழுந்தேன். கொட்டகை முழுக்கப் பெண்கள் அழுதார்கள். வினியோகஸ்தர் சொன்னது சரிதான், முந்தானைகள் நனைந்தன. பேச்சிமுத்து அழவில்லை. தோளில் கிடந்த துண்டை எடுத்து உதறினார். மறுபடி தோளில் போட்டார். எழுந்து நின்றார். என்னை அவர் பார்க்கவே இல்லை. நான் இருந்த இடத்திலேயே விறைத்துப் போனேன். திரையில் நான் கிடந்ததற்கும் நாற்காலியில் நான் இருந்ததற்கும் ஒரு வித்தியாசமும் இல்லை.

அப்போது திரையில் நான் கண்ணைத் திறந்தேன்.

எழுந்து உட்கார்ந்தேன். வயிற்றில் கத்தியோடு கொட்டகையைப் பார்த்துக் கும்பிட்டேன். சிரித்தேன். அந்தச் சிரிப்பு, குருவம்மாளைப் பார்த்துச் சிரித்த முழுச் சிரிப்பு, திரை கொள்ளாமல் நின்றது.

அழுகை அப்படியே நின்றுபோனது. பிறகு முன்வரிசை மண் தரையிலிருந்து ஒரு குரல். "ஏலே, எந்திரிச்சிட்டான்லே!"

அவ்வளவுதான், விசில் பறந்தது. படமோ தன் போக்கில் போய்க்கொண்டிருந்தது. கதாநாயகன், "நண்பா, என்னை விட்டுப் போய்விட்டாயே!" என்று தூணில் முட்டிக்கொண்டு அழுதார். "ஏன்யா முட்டுறே? அங்கன உக்காந்து சிரிச்சுக்கிட்டு இருக்கான், திரும்பிப் பாருய்யா!" என்று ஜனங்கள் அவருக்கு எடுத்துச் சொன்னார்கள். பழி வாங்காமல் விடமாட்டேன் என்று அவர் சபதம் செய்தபோது, "ஒண்ணும் வேண்டாம், ஆளு சௌக்கியமா இருக்கான்" என்று சமாதானம் சொன்னார்கள். பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு 'களுக்' கேட்டது. அந்தக் கூச்சலிலும் அதை நான் கண்டுபிடித்தேன்.

பேச்சிமுத்து நின்றுகொண்டே இருந்தார். பின்னால் இருந்தவர்கள் மறைக்கிறது என்று திட்டியதும் மெல்ல உட்கார்ந்தார்.

கடைசியில் கல்யாணக் காட்சி வந்தது. மணமக்கள் தலையில் அட்சதை விழுந்தது, போடுகிற ஆள் இல்லாமல். கொட்டகையே எழுந்து நின்றது. "அந்தா! அவன்தான் போடுறான்! மறைஞ்சு நின்னு போடுறான்லே!"

விளக்குப் போட்டார்கள். என் மாமா, "மச்சான், அது வந்து..." என்று தொடங்கினார். பேச்சிமுத்து கையைக் காட்டி நிறுத்தினார். கொஞ்ச நேரம் வெள்ளைத் திரையையே பார்த்தார்.

"செத்தது கம்பெனி ஆர்டரு" என்றார். "எந்திரிச்சது இவரோட கொணம். நான் என்ன கேட்டேன்? கடைசி வரைக்கும் இருக்கணும்னேன். கடைசில அட்சதை போட்டாரா இல்லையா? ஊரே பாத்துச்சு." என் பக்கம் திரும்பினார். "எந்திரிங்க மாப்பிள்ளை. இங்கன எதுக்கு வெறைச்சுப்போய் உக்காந்திருக்கீக?"

கல்யாணத்துக்கு நாள் குறித்துவிட்டு மெட்ராஸ் போனேன். எனக்குப் புதுக் கவலை. இப்படி ஒரு தப்பு நடந்ததற்கு யார் தலை உருளப்போகிறதோ? விசாரித்தால் யாருக்கும் எதுவும் தெரியவில்லை. மதுரைக்குப் போன பெட்டியில் நான் ஒழுங்காகச் செத்திருக்கிறேன். திருநெல்வேலியிலும் செத்திருக்கிறேன். விருதுநகருக்குப் போன படப்பெட்டியில் மட்டும்தான் அந்தச் சிரிப்பு ஒட்டியிருந்தது.

டைரக்டர் முன்னால் போய் நின்றேன். நான் வாயைத் திறப்பதற்குள் அவர் பொடி டப்பாவைத் திறந்தபடி சொன்னார். "கிட்டு, படம் ஒட்டுற ரூம்ல கவனக்குறைவு நடக்கிறதுதான், அவன் பெரிசா எடுத்துக்க வேண்டாம்னு சொல்லு. கல்யாணத்துக்கு என்னால வர முடியாதுன்னும் சொல்லு."

கல்யாணம் நிச்சயமானதை நான் அதுவரை கிட்டுவிடம்கூடச் சொல்லியிருக்கவில்லை.

அந்தப் பெட்டி பிறகு சாத்தூர் போனது, சிவகாசி போனது, கோவில்பட்டி போனது. போன ஊரிலெல்லாம் எழுந்து சிரித்தேன். அங்கேயே எங்கோ அந்தத் துண்டு அறுந்துபோயிருக்க வேண்டும். என் மாமனாரை மட்டும் சமாளிக்க முடியவில்லை. அதற்குப் பிறகு வந்த என் படங்களுக்கெல்லாம் அவர் போவார். நான் செத்ததும் பக்கத்தில் இருப்பவர்களிடம், "பொறுங்க, இப்ப எந்திரிப்பாரு" என்பார். எழுந்திருக்காவிட்டால் நேரே மேலே ஏறிப்போய், "எங்க மாப்பிள்ளை எந்திரிச்ச துண்டை எங்கன வச்சிருக்கீரு?" என்று ஆபரேட்டரைப் பிடித்துக்கொள்வார்.

குருவம்மாள் வேறு மாதிரி. கல்யாணத்துக்கு மறுநாள் காலை நான் கண் விழித்தபோது எதிரில் நின்றாள். "காலைக் கீழ வைக்காதீக. மொதல்ல எந்திரிச்சு உக்காந்து, அன்னைக்கு மாதிரிக் கும்பிட்டுச் சிரிங்க. பெறகுதான் காப்பி." அன்றிலிருந்து அதுதான் நடைமுறை. நான் மெட்ராஸில் இருந்த நாட்களில்கூட, காலையில் ஊர் இருக்கும் திசையைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் பல் துலக்குவேன். கூடத் தங்கியிருந்தவர்கள் எனக்கு ஏதோ கோளாறு என்று நினைத்தார்கள். வேலையை விட்டு ஊரோடு வந்த பிறகும் ஒரு நாள் தவறியதில்லை.

போன வாரம் அந்த சீரியல் வந்தது. இருவரும் உட்கார்ந்து பார்த்தோம். நான் செத்தேன். உடனே நல்லெண்ணெய் விளம்பரம் வந்தது. "பாத்தியா, சிரிப்பைக் காணோம்" என்றேன். குருவம்மாள் டிவியை அணைத்துவிட்டுப் போனாள்.

மறுநாள் காலை நான் முதலில் விழித்துக்கொண்டேன். எப்போதும் அவள்தான் முதலில். பால்காரர் மணியடித்துவிட்டுப் போனார். வெயில் ஜன்னலைத் தாண்டி உள்ளே வந்தது. அவள் அசையவில்லை. கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றபடியே விறைத்துப்போனேன். மூச்சை எங்கெல்லாம் ஒளிக்கலாம் என்று எனக்குத் தெரியும். வயிற்றைப் பார்த்தேன், கழுத்தைப் பார்த்தேன், மூக்கு மடலைப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. யானை என் மேல் மூச்சு விட்டபோதுகூட எனக்கு அப்படி இருந்ததில்லை.

குருவம்மாள் கண்ணைத் திறந்தாள். எழுந்து உட்கார்ந்தாள். என்னை நேராகப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டுச் சிரித்தாள்.

"எப்படி? நல்லாச் செத்தனா?"

நான் கட்டில் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"ஒரு நாள் பாத்ததுக்கே இப்படி நிக்கிறீகளே. இத்தனை வருசமும் நீங்க சாகுறதை நான் பாத்துக்கிட்டு இருந்தேன்ல? அங்கன அழிச்சா அழிச்சிட்டுப் போறாக. இங்கன நான் பாக்குறதுதான் கணக்கு. ம்... எங்க, சிரிங்க."

சிரித்தேன். கண்ணில் தண்ணீர் வழிந்தது.

"பொணம் அழுவுற மாதிரி இருக்கு. இன்னொருக்கா" என்றாள்.

இரண்டாவது டேக்குக்குத்தான் காப்பி வந்தது.